தனியார் சொத்து தகராறுக்கு பொதுநல வழக்கு போடலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நிலப் பிரச்சனைன்னு வர்றவங்கள்ல நிறைய பேர் எடுத்த எடுப்புல "ஒரு பிஐஎல் (பொதுநல வழக்கு) போட்டுடலாமா"ன்னு தான் கேக்கறாங்க. பேப்பர்ல தினமும் ஆக்கிரமிப்பு அகற்றம், ஹைகோர்ட் அதிரடின்னு படிக்கறாங்க, அப்ப நம்ம வேலி தகராறுக்கும் அதே வழி தான்னு தோணறது இயல்பு. ஆனா அந்த வழில போய் வருஷத்தையும் காசையும் விட்டுட்டு, அதுக்குள்ள எதிராளி வீட்டையே கட்டி முடிச்சதுக்கப்புறம் வர்றவங்கள பாக்கறப்ப மனசு கஷ்டமா இருக்கு. அதனால கேட்டவங்க கேட்ட மாதிரியே கேள்விய போட்டு, தெரிஞ்ச பதில எழுதி இருக்கேன். தமிழ்நாட்டு நிலவரத்த வச்சு எழுதினது. உங்க பத்திரத்த கையில வாங்கி படிச்சு பாத்து ஒரு வக்கீல் சொல்றதுக்கு இது மாற்று ஆகாது.

1. பொதுநல வழக்குன்னா என்ன சார், யார் வேணா போடலாமா?

சாதாரணமா யாருக்கு பாதிப்போ அவங்க தான் கோர்ட்டுக்கு வரணும். பாதிக்கப்பட்டவங்களால வர முடியல, இல்லைன்னா பாதிப்பு ஊருக்கே பொதுவா இருக்குன்னா, நேரடி சம்பந்தம் இல்லாத ஒருத்தர் கூட வரலாம்னு சுப்ரீம் கோர்ட் வழி விட்டதுல வந்தது தான் பொதுநல வழக்கு. 1979ல ஹுசைனாரா காத்தூன் வழக்கு, பீகார் ஜெயில்கள்ல விசாரணையே முடியாம வருஷக்கணக்கா கிடந்தவங்களுக்காக வந்தது, குற்றம் நிரூபணம் ஆனா கூட கிடைக்கக்கூடிய தண்டனைய விட அதிக காலம் உள்ள இருந்தவங்க அதுல உண்டு. 1981ல எஸ்.பி.குப்தா வழக்குல யார் வரலாம்ங்கற விதிய தெளிவாவே தளர்த்தினாங்க.

ஹைகோர்ட்ல அரசியலமைப்பு 226வது பிரிவு, சுப்ரீம் கோர்ட்ல 32வது பிரிவு. சென்னையிலயும் மதுரை கிளையிலயும் ரெண்டு ஜட்ஜ் உக்காந்து தான் இத கேப்பாங்க. யார் வேணா வரலாம்ங்கறது ஓரளவு சரி. எதுக்கு வேணா வரலாம்ங்கறது தான் தப்பு.

2. பக்கத்து வீட்டுக்காரர் என் இடத்துல ரெண்டு அடி உள்ள வந்து காம்பவுண்ட் எழுப்பறாருண்ணே, சிவில் கேஸ்னா பேரன் காலத்துல தான் தீர்ப்பு வரும்ங்கறாங்க, பிஐஎல்னா சீக்கிரம் முடியுமாமே?

பிஐஎல் போட முடியாது. அந்த ரெண்டு அடி உங்களுக்கும் அவருக்கும் நடுவுல உள்ள விஷயம், ஊருக்கு அதுல பங்கு இல்ல. பிஐஎல்லும் ரிட்ல (அரசு அமைப்ப ஒண்ண செய்ய சொல்லியோ தடுக்க சொல்லியோ ஹைகோர்ட், சுப்ரீம் கோர்ட்ல நேரடியா போடற மனு) ஒரு வகை தானே, சாதாரண ரிட்டே தனி ஆளுங்களோட சொத்து தகராறுக்கு கிடையாதுன்னு சுப்ரீம் கோர்ட் 1992லயே சொல்லிட்டாங்க, 2010ல ஒரு வாடகை வீட்டு வழக்குல இன்னும் அழுத்தமா சொன்னாங்க, அப்படி இருக்க பிஐஎல்னு பேர மாத்தினா மட்டும் அது உள்ள போகாது.

சிவில் கேஸ் இழுக்கும்ங்கறது உண்மை, நான் மறுக்கல. ஆனா தீர்ப்பு வர்ற வரைக்கும் கைய கட்டிட்டு உக்காரணும்னு இல்ல. சூட் (சிவில் வழக்கு) போடறப்பவே சிவில் நடைமுறை சட்டம் 39வது ஆர்டர்ல இடைக்கால இன்ஜங்ஷன் (தடை உத்தரவு) கேக்கலாம், 26வது ஆர்டர்ல அட்வகேட் கமிஷனர் (இடத்த பாக்க கோர்ட் அனுப்பற வக்கீல்) போட சொல்லலாம், கமிஷனர் சர்வேயரோட நேர்ல வந்து அளந்து படத்தோட ரிப்போர்ட் குடுப்பார். இதுக்கு அஸ்திவாரம் தோண்டறப்பவே ஓடணும். சுவர் எழும்பி சிமெண்ட் காஞ்சதுக்கு அப்புறம்னா இடிக்க சொல்லி உத்தரவு கேக்கணும், அது ரொம்ப கஷ்டமான உத்தரவு. பிஐஎல் யோசனைல போற ஒவ்வொரு மாசமும் எதிராளிக்கு தான் லாபம்.

3. ஹைகோர்ட் எவ்வளவு பெரிய கோர்ட், அவங்களால ஒரு நில தகராற தீர்க்க முடியாதா?

அதிகாரம் போதாதுங்கறது காரணம் இல்ல, ரிட் நடக்கற விதம் தான் காரணம். ரிட்ல ரெண்டு பக்கமும் அஃபிடவிட் (சத்தியம் பண்ணி குடுக்கற எழுத்து வாக்குமூலம்) போடுவாங்க, டாக்குமெண்ட் டைப்செட் (ஆவண நகல் தொகுப்பு) போடுவாங்க, வக்கீல்கள் வாதம் பண்ணுவாங்க, அவ்வளவு தான். சாட்சி கூண்டுல ஏறி குறுக்கு விசாரணைக்கு பதில் சொல்ற பழக்கம் அங்க பொதுவா இல்ல.

சொத்து யாரோடதுங்கற கேள்விக்கு பதில் எப்படி வருதுன்னு பாருங்க. 1968ல எழுதின கிரயப் பத்திரம் ஒண்ணு இருக்கும், செக்குபந்தில (நாலு பக்க எல்லை விவரம்) "வடக்கே பொதுக்கிணறு, கிழக்கே தென்வடல் வண்டிப்பாதை"ன்னு போட்டிருக்கும். கிணறு மூடியாச்சு, பாதை நகர்ந்தாச்சு. விஸ்தீரணம் 42 சென்ட்னு பத்திரம் சொல்லும், அளந்தா 39 சொச்சம் தான் வரும். நடுவுல அண்ணன் தம்பிங்க பதிவு பண்ணாத ஒரு கூர்ச்சீட்டு (பாகப்பிரிவினை சீட்டு) எழுதி பிரிச்சிருப்பாங்க, அதுல கையெழுத்து போட்ட பெரியவர் ஒருத்தர் தான் உயிரோட இருப்பார். அவரை கூண்டுல ஏத்தி, கிணறு எங்க இருந்தது, வேலி யார் போட்டா, அப்ப யார் உழுதாங்கன்னு கேட்டா தான் உண்மை வெளிய வரும். இத அஃபிடவிட்ல பண்ண முடியாது, ரெண்டு பேருமே தான் சொல்றது தான் சத்தியம்னு கையெழுத்து போட்டு குடுத்துருவாங்க.

அதனால தான் ஹைகோர்ட் "தகராறுக்கு உட்பட்ட சங்கதிகள்"னு சொல்லி சிவில் கோர்ட்டுக்கு அனுப்பறது. நம்மள தட்டி கழிக்கறாங்கன்னு நினைக்காதீங்க. உங்க எதிராளி பொய்யா ஒரு அஃபிடவிட் போட்டு உங்க வீட்ட ஒரே நாள்ல வாங்கிடாம உங்கள காப்பாத்தறதும் இதே விதி தான்.

4. பட்டா என் பேர்ல தான் இருக்கு, இதுக்கு மேல என்ன நிரூபிக்கணும்?

பட்டா வருவாய்த்துறை பதிவு, யார் கிட்ட வரி வசூலிக்கணும்ங்கறதுக்கு அடையாளம். அது மட்டுமே உரிமைய குடுத்துடாதுன்னு கோர்ட்டுகள் திரும்ப திரும்ப சொல்லி இருக்கு. நல்ல ஆதாரம் தான், ஆனா மூலப்பத்திரம், வில்லங்க சான்று, அனுபவம் எல்லாத்தோடயும் சேர்ந்து நிக்கணும். பட்டாவுல தப்பா பேர் மாறிடுச்சுன்னா தாசில்தார், ஆர்டிஓ (கோட்டாட்சியர்), டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்)ன்னு போற வழி தனி, உரிமையே தகராறுன்னா மூணாவது பதில்ல சொன்ன சிவில் கோர்ட் தான்.

5. கலெக்டர், தாசில்தார், எஸ்பி எல்லாரையும் எதிர் மனுதாரரா சேத்துட்டா அது அரசாங்கத்து மேல கேஸ் ஆகிடாதா?

ஆகாது. இது ரொம்ப பேர் சொல்லிக் குடுக்கற வழி. கோர்ட் மனுவோட தலைப்ப பாக்கறதில்ல, கடைசில என்ன கேக்கறீங்கன்னு பாக்கும். முதல் நாலு எதிர் மனுதாரர் அதிகாரிங்களா இருந்து அஞ்சாவதா உங்க சித்தப்பா பேர் இருந்தா, விஷயம் சித்தப்பாவோட தான்னு முதல் வாசிப்பிலயே தெரிஞ்சிரும். கேரளாவுல ஒரு ஃபிளாட் யார் அனுபவத்துல இருக்குங்கற சண்டைல அதிகாரிகளையும் சேர்த்து ரிட் போட்டு ஹைகோர்ட்ல ஜெயிச்சே வந்தாங்க, 2018 டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட் அத ரத்து பண்ணி, இது சிவில் கோர்ட் விஷயம்னு திருப்பி விட்டாங்க.

உங்க நிலத்த எடுத்துக்கிட்டதே அரசாங்கமா இருந்தா கதை வேற. நோட்டீஸ் இல்லாம, இழப்பீடு இல்லாம ரோடு போட்டுட்டாங்கன்னா நீங்களே உங்க பேர்ல ரிட் போடலாம், அரசியலமைப்புல 300ஏ பிரிவு (சட்டப்படி இல்லாம யார் சொத்தையும் பறிக்கக்கூடாதுங்கறது) அதுக்கு தான் இருக்கு. அதுவும் பிஐஎல் இல்ல, உங்க சொந்த ரிட்.

6. ஆக்கிரமிச்சது ஒரு தனி ஆளு, ஆனா இடம் ஏரி புறம்போக்கு. இது தனியார் தகராறா, பொது விஷயமா?

பொது விஷயம். எதிர்ல நிக்கறது தனி ஆளாங்கறது முக்கியமில்ல, இடம் யாருக்கு சேரணும்ங்கறது தான் முக்கியம். 2001லயே சுப்ரீம் கோர்ட் குளம் குட்டைய காப்பாத்தறது அரசோட கடமைன்னு சொல்லிருச்சு. 2011 ஜக்பால் சிங் வழக்குல பாட்டியாலா மாவட்டத்து கிராமம் ஒண்ணுல குளத்த மண்ணடிச்சு மூடி வீடு கட்டினவங்க, அந்த இடத்த எங்களுக்கே விலைக்கு குடுத்துடுங்கன்னு கேட்டாங்க, கலெக்டரும் அதுக்கு ஒத்துக்கிட்டிருந்தார், சுப்ரீம் கோர்ட் ஒத்துக்கல. எல்லா மாநிலமும் ஊர் பொது நிலத்த மீட்க திட்டம் போடணும்னு உத்தரவே போட்டாங்க.

நம்ம ஊர்ல 1905ம் வருஷத்து நில ஆக்கிரமிப்பு சட்டம் இருக்கு, ஏரிகளுக்குன்னு 2007ல தனி சட்டம் இருக்கு. நீங்க கோர்ட்ல கேக்கறது "இந்த சட்டப்படி நடவடிக்கை எடுக்க வேண்டிய அதிகாரி எடுக்கல, எடுக்க சொல்லுங்க"ங்கறது. இதுக்கு யார் உரிமையாளர்னு கோர்ட் தேட வேண்டியதில்ல, ஏ ரிஜிஸ்டர்லயே (கிராம நில விவரம் உள்ள வருவாய் பதிவேடு) ஏரின்னு இருக்கு. போறதுக்கு முன்னாடி அந்த ஏ ரிஜிஸ்டர் நகல், புலப்படம், இடத்தோட போட்டோ, தாசில்தாருக்கும் கலெக்டருக்கும் ரிஜிஸ்டர் தபால்ல அனுப்பின மனு, அதோட ஒப்புகை அட்டை எல்லாம் கையில இருக்கணும். ஆர்டிஐல (தகவல் அறியும் உரிமை சட்டம்) கேட்டா 30 நாள்ல பதில் குடுக்கணும், அந்த பதில் பல நேரத்துல உங்க கேஸோட முதுகெலும்பா இருக்கும்.

7. அந்த ஏரிக்கு பக்கத்துலயே எனக்கும் வயல் இருக்கு. எனக்கும் இதுல லாபம் இருக்கறதால பிஐஎல் தள்ளுபடி ஆயிடுமா?

வயல் இருக்கறது பிரச்சனை இல்ல, மறைக்கறது தான் பிரச்சனை. அஃபிடவிட்லயே "என் வயலுக்கும் இந்த ஏரி தண்ணி தான், எதிர் மனுதாரருக்கும் எனக்கும் முன்னாடி இந்த சிவில் கேஸ் நடந்தது"ன்னு எழுதிடுங்க. ஆயக்கட்டு (ஏரி பாசனத்துல உள்ள நிலம்) விவசாயி ஏரிக்காக வர்றது ரொம்ப நியாயமான விஷயம். ஆனா எதிராளியோட வேலி சண்டை நடக்கறத சொல்லாம விட்டு, அவங்க கவுண்டர்ல (பதில் மனு) அத கொண்டு வந்து காட்டினா, அந்த நிமிஷமே ஏரி மறந்து போயி உங்க நோக்கம் தான் விசாரணைக்கு வரும்.

2010 ஜனவரில உத்தராகண்ட் சம்பந்தப்பட்ட ஒரு வழக்குல சுப்ரீம் கோர்ட் ஒவ்வொரு ஹைகோர்ட்டும் பிஐஎல்லுக்கு விதி போடணும்னு சொன்னாங்க. மனுதாரர் யார், சொன்னது சரியா, உண்மையிலயே பொதுநலமா, பின்னாடி சொந்த லாபமோ வேற உள்நோக்கமோ இருக்கான்னு பாத்துட்டு தான் உள்ள விடணும்னும் சொன்னாங்க. சந்தேகமா இருந்தா பிஐஎல்னு போடாம உங்க பேர்ல சாதாரண ரிட்டா போடறது பாதுகாப்பு, பாசன உரிமை பாதிக்கப்பட்டவர்னு நேரடியாவே சொல்லலாம்.

8. ஊர் பாதைய அடைச்சுட்டாங்க, இதுக்காவது பிஐஎல் போடலாமா?

பாதைன்னு சொல்றது மூணு விதமா இருக்கும், எது உங்களோடதுன்னு கண்டுபிடிக்காம யார் கிட்டயும் போகாதீங்க.

வருவாய் பதிவுல வண்டிப்பாதை புறம்போக்குன்னோ பஞ்சாயத்து ரோடுன்னோ இருந்தா ஆறாவது பதில் அப்படியே பொருந்தும். இன்னொண்ணு, பட்டா நிலத்து வழியா ஊரே காலங்காலமா நடக்கற பாதை, பதிவுல எங்கயும் பாதைன்னு இல்ல. இதுல பிஐஎல் பெரும்பாலும் தோக்கும், ஏன்னா நிலக்காரர் "இது என் பட்டா, நான் தான் போக விட்டேன்"ம்பார், அது சாட்சி வச்சு முடிவு பண்ற விஷயம். இதுக்கு சிவில் நடைமுறை சட்டத்துல 91வது பிரிவு இருக்கு, ரெண்டு பேரோ அதுக்கு மேலயோ சேர்ந்து கோர்ட் அனுமதி வாங்கி பொதுத்தொல்லைக்கு சூட் போடலாம், தனக்குன்னு தனி நஷ்டம் காட்ட வேண்டியதில்ல, ஊருக்காக வழக்கு போடற வழி கீழ் கோர்ட்லயே இருக்குங்கறது நிறைய பேருக்கு தெரியல. ஆர்டிஓ கிட்ட குற்றவியல் நடைமுறை சட்டத்துல (பழைய சிஆர்பிசி 133, இப்ப பிஎன்எஸ்எஸ் 152) மனு குடுக்கலாம். ஆனா எதிராளி பொது உரிமையே இல்லன்னு நம்பற மாதிரி ஆதாரம் காட்டினா அங்கயும் சிவில் கோர்ட் முடிவு வர்ற வரைக்கும் நிறுத்தி வச்சிருவாங்க.

மூணாவது, உங்க வயலுக்கு மட்டும் போற வழி. இது முழுக்க தனியார் விஷயம். 1882ம் வருஷத்து ஈஸ்மெண்ட் (அடுத்தவர் நிலத்த வழி மாதிரி பயன்படுத்தற உரிமை) சட்டப்படி 20 வருஷம் உரிமையா, தடை இல்லாம, வெளிப்படையா நடந்திருந்தா பாத்தியதை வரும், ஆனா அந்த அனுபவம் சூட் போடறதுக்கு முந்தின ரெண்டு வருஷத்துக்குள்ள வரைக்கும் இருந்திருக்கணும். அடைச்சு ரெண்டு வருஷம் பஞ்சாயத்து பேசிட்டே இருந்தா 20 வருஷ அனுபவமும் வீணாகலாம். வேற வழியே இல்லாத வயல்னா அவசிய பாத்தியதைன்னு தனியா ஒண்ணு இருக்கு, அதையும் வக்கீல் கிட்ட கேளுங்க.

9. எங்க லேஅவுட்ல பார்க்னு காட்டின இடத்த ப்ரோமோட்டர் பிளாட் போட்டு வித்துட்டார் மேடம், நாங்க பிளாட் ஓனர்ஸ் எல்லாரும் சேர்ந்து பிஐஎல் போட்டா?

இதுல உங்க பக்கம் பலம் அதிகம். 1991ல பெங்களூர் மெடிக்கல் டிரஸ்ட் வழக்குல பார்க்குன்னு ஒதுக்கின இடத்த தனியார் ஆஸ்பத்திரிக்கு குடுத்தத, அந்த பகுதி ஜனங்க எதிர்த்தாங்க, உங்களுக்கு என்ன பாத்தியதைன்னு கேட்டவங்களுக்கு சுப்ரீம் கோர்ட் குடியிருக்கறவங்களுக்கு கேக்கற உரிமை இருக்குன்னு சொல்லி ஒதுக்கீட்ட ரத்து பண்ணிச்சு.

தமிழ்நாட்டு விதில 10,000 சதுர மீட்டருக்கு மேல உள்ள லேஅவுட்ல ரோடு போக மிச்ச இடத்துல 10 சதவீதம் திறந்தவெளிக்கு விடணும், அத தானப் பத்திரம் எழுதி உள்ளாட்சிக்கு குடுக்கணும். முதல்ல அந்த தானப் பத்திரம் பதிவாகி இருக்கான்னு வில்லங்கம் போட்டு பாருங்க. இருந்தா இடம் உள்ளாட்சியோடது, மீட்க சொல்லி ரிட் போகலாம். அங்கீகாரமே இல்லாத மனைப்பிரிவு, நோட்டீஸ்ல மட்டும் பார்க்னு பச்சை கலர் அடிச்சிருந்தாங்கன்னா, அது உங்களுக்கும் ப்ரோமோட்டருக்கும் உள்ள ஒப்பந்த விஷயம் மாதிரி ஆயிடும், பிஐஎல் நிக்கறது சிரமம். அந்த இடத்த விலைக்கு வாங்கின ஆளையும் கட்டாயம் எதிர் மனுதாரரா சேருங்க, அவரை கேக்காம கோர்ட் எதுவும் பண்ணாது.

10. கோயில் நிலம்னா?

கோயில் சொத்த ஆக்கிரமிச்சா அறநிலையத்துறை சட்டம் 1959ல 78வது பிரிவுப்படி இணை ஆணையர் கிட்ட வழி இருக்கு, அங்க அசையலைன்னா ரிட். ஆனா பல கேஸ்ல உள்ள ரெண்டு பங்காளி குரூப்புக்கு நடுவுல யார் நிர்வாகம் பண்றதுங்கற சண்டை தான் இருக்கும், மேல கோயில் நிலம் மீட்புன்னு எழுதி இருக்கும். ஜெய்ப்பூர் அரண்மனை மியூசிய டிரஸ்ட் சம்பந்தமா 1989ல வந்த வழக்குல, ரெண்டு கோஷ்டிக்குள்ள நடக்கற தனிப்பட்ட சண்டைய பொதுநலம்னு கொண்டு வரக்கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட் சொன்னது இதுக்கு அப்படியே பொருந்தும்.

11. எதிர் வீட்டுல அனுமதி இல்லாம மூணு மாடி ஏத்தறாங்க, எனக்கும் அவங்களுக்கும் ஏற்கனவே ஆகாது. நான் கேட்டா பழிவாங்கறதுன்னு சொல்லிடுவாங்களா?

சொல்லுவாங்க, அதுக்காக விதிமீறல் சரியாகிடாது. உங்க காத்தும் வெளிச்சமும் போகுதுன்னா பாதிக்கப்பட்டவர்னு உங்க பேர்லயே போங்க. முதல்ல சிஎம்டிஏ (சென்னை பெருநகர வளர்ச்சி குழுமம்), டிடிசிபி (நகர் ஊரமைப்பு இயக்ககம்) இல்ல உள்ளாட்சிக்கு எழுத்துல புகார் குடுங்க, நகர் ஊரமைப்பு சட்டம் 1971ல 56, 57வது பிரிவுல நிறுத்த சொல்லவும் சீல் வைக்கவும் அவங்களுக்கு அதிகாரம் இருக்கு. அவங்க அசையாம இருந்தா அப்ப ரிட்.

சீக்கிரம் போகணும், இத எவ்வளவு சொன்னாலும் போதாது. பெங்களூர் கோரமங்கலால ஒரு பல மாடி கட்டடத்த எதிர்த்து குடியிருப்போர் வந்தப்ப ஹைகோர்ட் லைசென்ஸ ரத்து பண்ணிச்சு, ஆனா 2005ல சுப்ரீம் கோர்ட் அத மாத்திருச்சு, அவங்க தாமதமா வந்தது அதுக்கு ஒரு முக்கியமான காரணம். பிஐஎல்லுக்கு காலவரம்பு கிடையாதுன்னு யாராவது சொன்னா இத ஞாபகம் வச்சுக்கோங்க.

12. என் பேர் வெளிய வராம ஒரு சங்கத்து பேர்லயோ தெரிஞ்ச சமூக ஆர்வலர் பேர்லயோ போட்டா என்ன?

தயவு செஞ்சு வேண்டாம். அந்த ஆளுக்கு அந்த நிலம் மேல என்ன அக்கறை, பத்திர நகல் எல்லாம் அவருக்கு எப்படி கிடைச்சது, வக்கீல் ஃபீஸ் யார் குடுத்தாங்கன்னு கேள்வி வரும். சொந்த காசுல தான் போடறேன், எனக்கு சொந்த லாபம் இல்லன்னு அவர் சத்தியம் பண்ணி கையெழுத்து போடணும், அது பொய்னா அவருக்கும் ஆபத்து உங்களுக்கும் ஆபத்து.

2004ல மகாராஷ்டிராவுல ஒரு வக்கீலே அனுமதியில்லாத கட்டடம்னு பொதுநல வழக்கு போட்டு, அத வாபஸ் வாங்க கட்டினவங்க கிட்ட பணம் கேட்டு மாட்டினார், ஹைகோர்ட் 25,000 ரூபாய் அபராதம் போட்டத சுப்ரீம் கோர்ட் உறுதி பண்ணிச்சு. சொத்து விஷயம் இல்லைன்னாலும் 2017ல ஒரு டிரஸ்ட் வரிசையா மனு போட்டு வந்ததுக்கு 25 லட்சம் போட்டு, இனிமே பொதுநல வழக்கே போடக்கூடாதுன்னும் சொன்னாங்க. எனக்கு இதுல அபராதத்த விட பெரிய வருத்தம் ஒண்ணு இருக்கு. இப்படி நாலு மனு வந்துட்டா, அஞ்சாவதா கொத்தடிமை கொடுமைக்கோ சாயப்பட்டறை தண்ணிக்கோ உண்மையா வர்றவரையும் ஜட்ஜ் சந்தேகத்தோட பாக்க வேண்டியதா போயிடுது.

13. நிலத்த மீட்டு குடுங்கன்னு கேக்காம "என் மனுவ பரிசீலிக்க சொல்லுங்க"ன்னு மட்டும் கேட்டா கோர்ட் ஒத்துக்குதாமே?

பல நேரம் ஒத்துக்கும். "மனுதாரரின் இந்த தேதியிட்ட மனுவை 12 வாரத்துக்குள் பரிசீலித்து தகுதி அடிப்படையில் முடிவெடுக்கவும்"ங்கற மாதிரி ஒரு உத்தரவு வரும். அத ஜெயிச்சதா நினைச்சு ஃபிளெக்ஸ் வைக்கற அளவுக்கு போனவங்க உண்டு. அந்த உத்தரவுல உங்களுக்கு உரிமை இருக்குன்னு ஒரு வரி கூட இருக்காது, எழுத்து எழுத்தா படிச்சு பாருங்க.

அடுத்து என்ன ஆகும்னா தாசில்தார் ரெண்டு தரப்புக்கும் சம்மன் அனுப்புவார், விஏஓ (கிராம நிர்வாக அலுவலர்), ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்) ரிப்போர்ட் வாங்குவார், கடைசில "இரு தரப்பினருக்கும் உரிமை குறித்த தகராறு உள்ளதால் உரிமையியல் நீதிமன்றத்தை அணுகவும்"னு எழுதி முடிச்சிருவார். சட்டப்படி அவரால அவ்வளவு தான் முடியும். ஒரு வருஷம் கழிச்சு நீங்க ரெண்டாவது கேள்வில இருந்த அதே இடத்துல நிப்பீங்க.

14. யாரோ போட்ட பிஐஎல்ல எங்க வீட்ட ஆக்கிரமிப்புன்னு சொல்லி நோட்டீஸ் ஒட்டிட்டாங்க, எங்க கிட்ட பத்திரம் இருக்கு, எங்கள கேக்கவே இல்லையே?

பதறாதீங்க, ஆனா நோட்டீஸ்ல போட்ட கெடுவ மட்டும் விட்டுடாதீங்க. 1905 சட்டத்துல 7வது பிரிவுல விளக்கம் கேட்டு நோட்டீஸ் குடுத்துட்டு தான் 6வது பிரிவுல வெளியேத்தணும், மேல்முறையீடும் அதே சட்டத்துல இருக்கு. விளக்கத்த எழுத்துல, பத்திர நகலோட, ஒப்புகை வாங்கி குடுங்க. பிஐஎல் இன்னும் நிலுவைல இருந்தா உங்களையும் ஒரு தரப்பா சேர்த்துக்க சொல்லி இம்ப்ளீட் மனு போடுங்க.

1982ல ஆந்திரா வழக்கு ஒண்ணுல, அங்கயும் அதே 1905 சட்டம் தான், உரிமை பத்தி உண்மையான தகராறு இருக்கறப்ப அரசாங்கம் இந்த சுருக்கு வழில வெளியேத்த முடியாது, சிவில் கோர்ட்டுக்கு தான் போகணும்னு சுப்ரீம் கோர்ட் சொல்லி இருக்கு. தனியாருக்கு இருக்கற எல்லை அரசுக்கும் இருக்குங்கறது இந்த தீர்ப்போட சாரம். ஆனா பழைய பதிவுல அந்த இடம் நீர்நிலைன்னு இருந்தா இந்த தீர்ப்ப மட்டும் நம்பி நிக்க முடியாது, பின்னாடி குடுத்த பட்டாவ கோர்ட் கறாரா தான் பாக்கும், அப்ப உங்களுக்கு வித்தவர் மேல என்ன நடவடிக்கைங்கறதயும் மாற்று இடம் கேக்கறதயும் சேர்த்தே யோசிக்கணும்.

15. எங்க ஊர் குளத்துக்கு ஒருத்தர் போட்ட பிஐஎல் தள்ளுபடி ஆயிடுச்சு. நாங்க மறுபடி போடலாமா?

நேர்மையா நடத்தி, முழுசா கேட்டு தள்ளுபடி ஆகி இருந்தா அது ஊருக்கே பொருந்தும், திரும்ப அதே விஷயத்த போட முடியாது. பம்பாய் பஸ் டிப்போ இட வழக்குல எண்பதுகள்லயே இத சொல்லிட்டாங்க, கூடவே முதல் வழக்கு உண்மையான பொதுநல நோக்கத்தோட போட்டதா இல்லைன்னா அது மத்தவங்கள கட்டுப்படுத்தாதுன்னும் சொன்னாங்க. அதனால தீர்ப்போட சான்றிட்ட நகல் வாங்கி, எதுக்காக தள்ளுபடின்னு பாருங்க. சிவில் கோர்ட்டுக்கு போங்கன்னு மட்டும் சொல்லி முடிச்சிருந்தா உரிமைய பத்தி யாருக்கும் எதிரா எதுவும் முடிவாகல.

16. சிவில் சூட் போட வசதி இல்லைங்க, பிஐஎல்னா கோர்ட் ஃபீஸ் கம்மி, அதனால தான் கேட்டேன்.

இந்த கேள்விய யாரும் தப்பா நினைக்க கூடாது, உண்மையான கஷ்டம். தமிழ்நாட்டுல சொத்து மதிப்பு மேல கட்டற கோர்ட் ஃபீஸ் முன்ன ஏழரை சதவீதமா இருந்து 2017ல 3 சதவீதமா குறைஞ்சது, வெறும் இன்ஜங்ஷன் மட்டும்னா இன்னும் குறைவு. வசதியே இல்லைன்னா 33வது ஆர்டர்ல ஏழை வாதின்னு மனு போட்டு ஃபீஸ் இல்லாம சூட் நடத்தலாம்.

மாவட்ட கோர்ட் வளாகத்துலயே சட்டப் பணிகள் ஆணைக்குழு ஆபீஸ் இருக்கும். 1987 சட்டம் 12வது பிரிவுப்படி பெண்கள், எஸ்சி எஸ்டி, மாற்றுத்திறனாளிங்க எல்லாருக்கும் வக்கீல் இலவசம், வருமானம் எவ்வளவுன்னு பாக்கறதில்ல. மத்தவங்களுக்கு வருமான வரம்பு உண்டு. அங்க போய் ஒரு மனு எழுதி குடுத்தா போதும்.

17. ஏற்கனவே பிஐஎல் போட்டு ரெண்டு வருஷம் ஓடி, சிவில் கோர்ட்டுக்கு போங்கன்னு சொல்லிட்டாங்க. இப்ப காலாவதி ஆகிருச்சுன்னு சொல்லுவாங்களா?

என்ன கேக்க போறீங்கங்கறத பொறுத்தது. அனுபவத்துல இருந்து அடிச்சு வெளியேத்தினா 6 மாசத்துக்குள்ள குறிப்பிட்ட நிவாரணச் சட்டம் 6வது பிரிவுல சூட் போட்டா உரிமைய நிரூபிக்காமலே திரும்ப வாங்கலாம். அந்த 6 மாசம் போயிருந்தா அந்த சுலபமான வழி பெரும்பாலும் போச்சுன்னு வச்சுக்கோங்க, ஆனா உரிமை வச்சு சுவாதீனம் (இடத்த கையில திரும்ப வாங்கறது) கேக்க காலவரம்பு சட்டம் 65வது இனப்படி எதிராளி உரிமை கொண்டாடி அனுபவிக்க ஆரம்பிச்சதுல இருந்து 12 வருஷம் இருக்கு.

தப்பான கோர்ட்ல செலவான காலத்த கழிச்சுக்க அதே காலவரம்பு சட்டத்துல 14வது பிரிவு இருக்கு. அதுக்கு நல்லெண்ணத்தோட, அக்கறையா நடத்தினோம், அதே எதிராளி மேல அதே விஷயத்துக்கு தான் போனோம், அந்த கோர்ட்டால அத எடுக்க முடியாததால தான் முடிஞ்சதுன்னு காட்டணும். இங்க தான் பன்னிரண்டாவது கேள்வி திரும்ப வருது. அந்த பிஐஎல் உங்க பேர்ல இருந்தா இத கேட்டு பாக்கலாம், சங்கத்து பேர்லயோ வேற ஒருத்தர் பேர்லயோ போட்டிருந்தா அந்த ரெண்டு வருஷத்த உங்க கணக்குல கழிக்க சொல்லி கேக்கறது ரொம்ப கஷ்டம். உத்தரவு நகலுக்கு இன்னிக்கே அப்ளிகேஷன் போடுங்க, பிஐஎல் ஃபைல் பண்ண தேதி, முடிஞ்ச தேதி, நகல் கைக்கு வந்த தேதி மூணையும் ஒரு பேப்பர்ல எழுதி, மூலப்பத்திரத்தோட சிவில் வக்கீல் கிட்ட இந்த வாரமே போங்க.